அண்ணி வலம் வந்த எரிமலை

என் மேசை இழுப்பறையில் ஒரு பழைய ஜாய்ஸ்டிக் இருக்கிறது. கம்ப்யூட்டர் விளையாட்டுகளில் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கட்டைவிரலால் திருகித் திருகி ஆடுவார்களே, அதுதான். கறுப்பு நிறம். இடது கட்டைவிரல் படும் இடத்தில் ரப்பர் தேய்ந்து வழவழப்பாகிவிட்டது. பித்தான்களைச் சுற்றியுள்ள இடுக்குகளில் சந்தனம் காய்ந்து வெடித்திருக்கிறது. நடுவில், செய்தவன் தன் முத்திரையைப் பதித்த இடத்தைச் சரியாக மறைத்து, ஒரு குங்குமப் பொட்டு. ஆபீஸ் நண்பன் ஒருவன் இதைப் பார்த்துவிட்டு, பஞ்சில் ஸ்பிரிட் தொட்டுத் துடைத்துத் தருவதாகச் சொன்னான். கையை ஒடித்துவிடுவேன் என்று சிரித்துக்கொண்டே சொன்னேன், ஆனால் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அந்தப் பொட்டை வைத்தவர் என் அண்ணி.

அண்ணி பொதட்டூர்பேட்டைக்காரர். பிறந்த வீட்டில் கூடத்திலேயே தறி ஓடும். அந்தச் சத்தத்துக்கு மேலே பேசிப் பேசி வளர்ந்த குரல் அவருக்கு. திருத்தணியில் எங்கள் வீடு மலையடிவாரத்தில், சரவணப் பொய்கைக்குப் போகும் வழியில் இருக்கிறது. அவர் சமையலறையிலிருந்து அண்ணனைக் கூப்பிட்டால் தெருமுனை ஆட்டோக்காரர்களும் சேர்ந்து திரும்பிப் பார்ப்பார்கள். தாலுகா ஆபீஸுக்கு எதிரே இருந்த ஜெராக்ஸ் கடையில் அவருக்கு வேலை. பட்டாவையும் சாதிச் சான்றிதழையும் தூக்கிக்கொண்டு முண்டியடித்து வருகிற கூட்டத்தை "லைன்ல வாங்க" என்ற ஒரே அதட்டலில் அடக்கிவிடுவார். தோற்பது மட்டும் அவருக்கு ஆகாது. தாயமாடும்போது காயைத் திருட்டுத்தனமாக நகர்த்திவிட்டு, நகர்த்தவே இல்லை என்று பிள்ளையார்மேல் சத்தியம் செய்வார். கோபம் வந்தாலும் குஷி வந்தாலும் தெலுங்கு வந்துவிடும். அம்மா போன பிறகு நானும் அண்ணனும் சுவரைப் பார்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்த வீடு அது. அவர் வந்த பிறகுதான் அங்கே சண்டையும் சிரிப்பும் மறுபடி நுழைந்தன. அந்த நன்றி எனக்கு இன்றுவரை தீரவில்லை.

உலகத்தில் இல்லாத ஊர்களை உண்டாக்குவது என் வேலை. சென்னையில் கம்ப்யூட்டர் விளையாட்டுகள் தயாரிக்கும் ஒரு நிறுவனத்தில் இருக்கிறேன். சில நாள் மின்சார ரயிலைப் பிடித்து ஓடுவேன், மற்ற நாள் வீட்டு மாடியறையிலேயே வேலை. தெருவில் என்னைப் பற்றிக் கேட்டால் 'கம்ப்யூட்டர்ல பொம்மை போடற பையன்' என்பார்கள். உண்மையில் பொம்மைகூட எனக்குக் கொடுக்கப்படவில்லை. பல வருடம் நான் செய்ததெல்லாம் பாறை, பீப்பாய், விழுந்த மரம். யாரோ வடித்த வீரன் யாரோ கட்டிய கோட்டைக்குப் போகிற வழியில், கண்ணெடுத்தும் பார்க்காமல் தாண்டிப்போகிற சாமான்கள். கடைசியில் ஒருநாள், முழுதாக ஓர் இடத்தை நீயே செய் என்று கொடுத்தார்கள். புனிதமான ஓர் எரிமலை, அதைச் சுற்றி ஒரு நாடு. எனக்குத் தலைகால் புரியவில்லை.

அதற்கு உலைமலை என்று பெயர் வைத்தேன். எந்தப் பூகோளப் புத்தகத்திலும் இல்லாத மலை. அடிவாரத்தில் கண்ணுக்கெட்டிய மட்டும் வெள்ளைச் சாம்பல் வயல். அந்த நாட்டில் யாரும் அடுப்பு மூட்டுவதில்லை. பாறை வெடிப்புகளிலிருந்து சீறும் ஆவியில் பானையைக் கயிறு கட்டி இறக்குவார்கள். கொஞ்ச நேரத்தில் சோறு வெந்து மேலே வரும். முதல் பிடியை அதே வெடிப்பில் போட்டுவிட்டுத்தான் தாங்கள் உண்பார்கள். சாம்பல் மழை பெய்தால் மட்டும் பூக்கிற செம்பு இலை மரங்கள் உண்டு. நெருப்பாறு ஒன்று, பதமாகக் காய்ச்சிய வெல்லப்பாகுபோல் அவசரமில்லாமல் இறங்கிவரும். உச்சியில் பெரிய வாய். அதன் விளிம்பில் ஒரு வட்டப் பாதை, பாதையோரம் கல்லால் ஆன விளக்குத் தூண்கள். உள்ளே, புகைக்கு நடுவில், கனலி என்னும் தெய்வம் பாதி முகம் மட்டும் தெரியத் தூங்கும். கதை எழுதியவர்கள் சொன்னபடி, வீரன் ஒருவன் வாளோடு மலையேறிக் கனலியை வெட்டி நெருப்பை அணைக்க வேண்டும். அத்தோடு அந்தக் கட்டம் முடியும்.

மலைக்குக் கோபம் என்று ஓர் எண்ணை உள்ளே வைத்திருந்தேன். வாளை உருவினால் எண் ஏறும். ஏற ஏற வானம் சிவக்கும், சாம்பல் வேகமாகக் கொட்டும், உறுமல் பெருகும். எல்லை தாண்டினால் மலை வெடித்து வீரனின் கதை முடிந்துவிடும். தப்பி ஓடுகிறவன் மூச்சுவிட்டுக்கொள்ளட்டும் என்று, விளக்குத் தூண் ஒன்றைத் தாண்டும்போதெல்லாம் அந்த எண் கொஞ்சம் இறங்கும்படி செய்திருந்தேன். எல்லாம் ஒழுங்காகத்தான் வேலை செய்தது. ஆபீஸில் ஆடிப் பார்த்தவர்கள் விறுவிறுவென்று ஏறினார்கள், வெட்டினார்கள், அடுத்த கட்டத்துக்குப் போய்விட்டார்கள். எங்கள் குழுவின் தலைவரை லீட் என்போம். நல்ல மனிதர், ஆனால் மனத்தில் பட்டதை அப்படியே சொல்லிவிடுவார். "மலை பார்க்க அழகாத்தான் இருக்கு. கோயில்னு சொல்றே, ஆனா ஒருத்தருக்கும் அங்க ஒரு நிமிஷம் நிக்கணும்னு தோணலையே. பஸ் ஸ்டாண்டைத் தாண்டிப் போற மாதிரிப் போறாங்க" என்றார். அடுத்த முறை பார்க்கும்போதும் இப்படியே இருந்தால் மலையை எடுத்துவிட்டு, வேறொரு குழு செய்துவைத்திருந்த பனிக்குகையைப் போட்டுவிடுவதாகவும் சொன்னார். ரயிலில் வீடு திரும்பும்போது அரக்கோணம் வந்ததும் தெரியவில்லை, போனதும் தெரியவில்லை. மறுபடியும் பீப்பாய்க்கே போகவேண்டியதுதான் என்று தோன்றியது.

அந்தச் சமயத்தில்தான் ஆயுத பூஜை வந்தது. அண்ணி சந்தனக் கிண்ணமும் குங்குமமுமாக மாடிக்கு வந்து, மானிட்டர், கீபோர்டு, மோடம் என்று ஒன்று விடாமல் பொட்டு வைத்துக்கொண்டே வந்தார். ஜாய்ஸ்டிக்கை எடுத்து, "இந்த ரிமோட்டுக்கும் வெச்சிட்றேன்" என்று அழுத்தி வைத்தார். இன்றுவரை அவருக்கு அது ரிமோட்தான். அப்போதுதான் திரையில் இருந்த மலையைப் பார்த்தார்.

"இது இன்னா மலை?"

"கோயில் மலை, அண்ணி. நான் பண்ணது."

கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தார். "கோயில்னு சொல்ற. செருப்பு எங்க வுடறது?"

மலையின் ஒவ்வொரு வெடிப்பையும் கையால் செதுக்கியவன் நான். பிறந்ததிலிருந்து சன்னல் வழியாக ஒரு கோயில் மலையைப் பார்த்துக்கொண்டிருப்பவன் வேறு. செருப்பு எனக்குத் தோன்றவில்லை. அவர் அத்தோடு விடவில்லை. மலை என்றால் குரங்கு எங்கே என்றார். ஏறுகிறவனுக்குத் தாகம் எடுக்காதா என்றார். இவன் ஒருத்தன் மட்டும் ஏறுகிறானே, ஊரே செத்துப்போச்சா என்றார். பொரியை வாயில் போட்டுக்கொண்டே என் நாற்காலியில் உட்கார்ந்து, "எங்க, ஏத்திக் காட்றேன் குடு" என்று ஜாய்ஸ்டிக்கைப் பிடுங்கினார்.

ஏறவில்லை, விழுந்தார். முதல் திருப்பத்திலேயே வீரன் நெருப்பாற்றில் விழுந்து கரைந்தான். மறுபடி விழுந்தான். அதற்குப் பிறகு அண்ணிக்கு அது மானப் பிரச்சினையாகிவிட்டது. தினமும் சாயங்காலம் கடையிலிருந்து வந்ததும் முகம் கழுவி, டீ டம்ளரோடு மாடிக்கு வந்துவிடுவார். வீரன் இடப்பக்கம் திரும்பினால் அவரும் நாற்காலியோடு இடப்பக்கம் சாய்வார். அவனை 'நைனா' என்று சின்னப் பிள்ளையைக் கொஞ்சுவதுபோல் கூப்பிடுவார். "ஏறு நைனா, கீழ பாக்காத, ஆங், அப்டித்தான்." அண்ணன் மாடிப்படியில் நின்று, "சோறு ஆக்கற நெனப்பு கீதா இல்லயா?" என்றால், "அந்த ஊர்ல ஆவிலயே சோறு வேவுது. உன் தம்பியாண்ட சொல்லி அத்த மாதிரி ஒண்ணு இங்க போடு" என்பார். அவர் கேட்டதையெல்லாம் நானும் ஒவ்வொன்றாகச் சேர்த்தேன். அடிவாரத்தில் செருப்பு விடும் கொட்டகை, வழியில் தண்ணீர்ப் பந்தல், கூடவே ஏறுகிற ஊர் ஜனங்கள். குரங்குகளும் வந்தன. சாம்பல் நிற உடம்பு, வாலில் மட்டும் தீப்பொறி. நம் ஊர்க் குரங்குக்குத் தேங்காய் எப்படியோ, அதற்கு வாள் அப்படி. அசந்தால் பிடுங்கிக்கொண்டு போய்விடும். அவை கூட்டமாக வந்தால் அண்ணி திரையைப் பார்த்து, "லைன்ல வாங்க!" என்று கத்துவார்.

லீட் பார்க்க வேண்டிய நாளுக்கு முதல் நாள் சாயங்காலம் அண்ணி உச்சிக்குப் போய்ச் சேர்ந்தார். சேர்ந்த சந்தோஷத்தில், ரிமோட்டை மடியில் வைத்துவிட்டுக் கனலியைப் பார்த்து இரண்டு கையையும் கூப்பினார். ஆள் இல்லாத வீரன் மரம்போல் நின்றான். குரங்கு ஒன்று சாவகாசமாக வந்து வாளை உருவிக்கொண்டு போய்விட்டது. "அய்யோ, கையில ஒண்ணுமில்லயே அண்ணி, இனிமே வெட்ட முடியாது" என்றேன். "சாமிய வெட்டவா இம்மாந்தூரம் ஏறி வந்தேன்? குடும்பத்துக்கு ஆகுமா?" என்று கேட்டுவிட்டு, வீரனை விளிம்புப் பாதையில் வலம் வர விட்டார். வாளை வேண்டுமென்றேதான் குரங்கிடம் கொடுத்ததாக இன்றுவரை சாதிக்கிறார். தாயத்தில் காயை நகர்த்தவில்லை என்று சொல்லும் அதே முகம்தான், நான் நம்பவில்லை.

ஒரு சுற்று முடிந்தது. அண்ணி நிறுத்தவில்லை. வாய்க்குள் ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டு சுற்றிக்கொண்டே இருந்தார். நான் சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தேன். திடீரென்று வானத்தின் சிவப்பு வடிந்தது. வடிந்து, நான் எந்தக் காலத்திலும் தீட்டாத ஒரு நிறத்துக்குப் போனது. பெருமழைக்கு முன்னால் எங்கள் மலைக்குப் பின்னே ஒரு பச்சை கலந்த நீலம் வருமே, அந்த நிறம். உறுமல் தணிந்து தணிந்து, தூரத்தில் நிறையப் பேர் சேர்ந்து முனகுவதுபோல் ஆயிற்று. கொட்டிக்கொண்டிருந்த சாம்பல் அப்படியே அந்தரத்தில் நின்றது. பிறகு மெல்ல, ஒவ்வொரு துகளாக, மேலே போக ஆரம்பித்தது. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. அண்ணி மட்டும் கொஞ்சமும் ஆச்சரியப்படவில்லை. "பாத்தியா, கோவம் போயிடுச்சி" என்றார், பால் பொங்கிவிட்டது என்று சொல்கிற குரலில்.

என்ன நடந்தது என்று எனக்குச் சீக்கிரமே புரிந்துவிட்டது. தூண்களைத் தாண்டத் தாண்டக் கோபம் குறையும் என்று எழுதிய நான், பூஜ்ஜியத்துக்குக் கீழே போகாதே என்று ஒரு வரி எழுத மறந்திருந்தேன். அண்ணி சுற்றிய சுற்றில் எண் பூஜ்ஜியத்தைத் தாண்டி அடியாழத்துக்குப் போய்விட்டது. அதோடு கட்டியிருந்த வானமும் சாம்பலும் தலைகீழாகத் திரும்பிவிட்டன. ஒரு கோயில் மலைக்கு வருகிறவர்கள் அதைச் சுற்றுவார்கள் என்று யோசிக்காத ஒரே திருத்தணிக்காரன் நானாகத்தான் இருப்பேன். தொழிலில் இதைப் பிழை என்பார்கள். லீட் கண்ணில் பட்டால் மலையோடு சேர்த்து என்னையும் தூக்கிவிடுவாரே என்று பயந்து, உடனே அந்த வரியை எழுத உட்கார்ந்தேன்.

"இன்னா பண்ற?"

"தப்பாயிடுச்சி அண்ணி. சரி பண்றேன்."

"அப்போ நான் சுத்தனது தப்பா?"

அண்ணி டம்ளரை எடுத்துக்கொண்டு கீழே போனார். அன்றைக்கு எனக்கு உப்புமா மட்டும் வந்தது. அண்ணன் தட்டில் சட்னி இருந்தது. அண்ணன் என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே சட்னியைத் தொட்டுத் தொட்டுச் சாப்பிட்டான். நான் மேலே போய், எழுதிய வரியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அந்த வரி இருந்தால் என் வேலை பத்திரம். ஆனால் மேலே எழும்பிய சாம்பலை இனி யாரும் பார்க்கமாட்டார்கள். அழித்துவிட்டேன்.

காலையில் ஸ்டேஷனுக்குக் கிளம்பினால், அண்ணி பட்டுப்புடவை கட்டி, தூக்குவாளியில் புளிச்சோறோடு வாசலில் நிற்கிறார். கடைக்கு லீவு சொல்லியாகிவிட்டதாம். "என் மலைய யாரோ வந்து பாப்பாங்க, நான் வூட்ல கீறதா?" என்றார். சென்னை வரைக்கும் எதிர் சீட்டுப் பெண்களிடம் உலைமலையின் வழி முழுவதையும் விளக்கிக்கொண்டு வந்தார். அந்தக் கோயில் எந்தப் பக்கம், ஆந்திராவா என்று ஓர் அம்மாள் கேட்டார். "இன்னும் கட்டிகினு கீறாங்க" என்றார் அண்ணி.

லீட் எப்போதும்போல் ஏறினார், வெட்டினார். முடித்துவிட்டுக் கன்னத்தைச் சொறிந்தார். அப்போது பின்னாலிருந்து, தறிச் சத்தத்தைத் தாண்டுகிற அந்தக் குரல் வந்தது. "சார், கொஞ்சம் தள்ளுங்க." மொத்த ஆபீஸும் திரும்பியது. லீட் யாரென்று கேட்கக்கூட மறந்து எழுந்துவிட்டார். அண்ணி நாற்காலியில் சம்மணமிட்டு உட்கார்ந்தார். கொட்டகையில் செருப்பை விட்டார். பந்தலில் தண்ணீர் குடித்தார். உச்சிக்குப் போனதும், எல்லோரும் பார்க்க, வீரனைக் குரங்கின் முன்னால் நிறுத்தி வாளைக் கொடுத்தார். பிறகு சுற்றத் தொடங்கினார். யாரோ களுக்கென்று சிரித்தார்கள். இன்னும் ஒரு சுற்று போனபோது அந்தச் சிரிப்பும் இல்லை. நாற்காலிகளை விட்டு எழுந்து ஒவ்வொருவராக வந்து நின்றார்கள். வானம் அந்த நிறத்துக்கு மாறிச் சாம்பல் மேலே எழும்பியபோது, பக்கத்தில் நின்றவள், பாறைகளுக்கு வண்ணம் பூசுகிற பெண், தன்னையறியாமல் காலணியைக் கழற்றி மேசைக்கு அடியில் தள்ளுவதை நான் பார்த்தேன்.

"இதை யார் யோசிச்சது?" என்று லீட் கேட்டார். தப்பாக வந்துவிட்டது என்று உண்மையைச் சொன்னேன். அவர் அண்ணியைப் பார்த்து, "எவ்வளவு சுத்தணும்மா?" என்று கேட்டார். "அதெல்லாம் கணக்கு கெடயாது சார். மனசு நெறையற வரைக்கும் சுத்துங்க" என்றார் அண்ணி. லீட் ஜாய்ஸ்டிக்கை வாங்கிக்கொண்டு, யார் சாப்பிடக் கூப்பிட்டும் வராமல், சுற்றிக்கொண்டிருந்தார். பனிக்குகை போன இடம் தெரியவில்லை. வெட்ட வருகிறவன் வெட்டட்டும், சுற்ற வருகிறவன் சுற்றட்டும், இரண்டு வழியும் இருக்கட்டும் என்று முடிவாயிற்று. புளிச்சோறு ஆபீஸ் முழுவதுக்கும் போதவில்லை. அடுத்த தடவை பெரிய வாளியாகக் கொண்டுவருவதாக அண்ணி வாக்குக் கொடுத்தார்.

அந்த அடுத்த தடவை வரவில்லை. விளையாட்டு வெளிவருவதற்கு முன்பே அண்ணனுக்கு மஸ்கட்டில் வேலை கிடைத்து, இருவரும் போய்விட்டார்கள். வீடு மறுபடி சுவரைப் பார்த்துச் சாப்பிடுகிற வீடாயிற்று. அண்ணி போனில், "இங்க சுத்தி மலைதான் தம்பி. ஒண்ணுத்துலயும் படி இல்ல" என்றார். கிருத்திகை தவறாமல் ஈரத் தலையோடு மலையேறியவருக்கு, ஆடிக் கிருத்திகைக்கு ஊரில் இல்லாதது பெரிய குறை. அழுதுவிட்டு, அழவில்லை என்று சாதித்தார். நான் ஒரு ஜாய்ஸ்டிக் வாங்கி, மஸ்கட்டுக்குப் போகிற ஒருவரிடம் கொடுத்தனுப்பினேன். பழையதையே கேட்டார். பொட்டு வைத்தது என்று சொல்லி, தர மறுத்துவிட்டேன்.

இப்போது உலைமலையில் எந்நேரமும் கூட்டம். எந்தெந்தத் தேசத்திலிருந்தோ இணையம் வழியாக ஆட்கள் வருகிறார்கள், ஒருவருடைய வீரனை மற்றவரும் பார்க்கலாம். நிறையப் பேர் வெட்டிவிட்டுத்தான் போகிறார்கள். ஆனால் எந்நேரம் போய்ப் பார்த்தாலும் யாராவது சுற்றிக்கொண்டிருக்கிறார்கள். செருப்புக் கொட்டகை நிரம்பி வழிகிறது. பீப்பாய் செய்துகொண்டிருந்த எனக்கு இதைப் பார்க்க எவ்வளவு பெருமையாக இருக்கிறது என்பதை மறைக்க விரும்பவில்லை.

இந்த ஆடிக் கிருத்திகையன்று தெரு முழுக்க மஞ்சள் துணி. பூக்காவடி ஒன்றையொன்று இடித்துக்கொண்டு போகிறது. மேளமும் பம்பையும் சேர்ந்து மாடியறையின் சன்னல் கம்பி அதிர்கிறது. நான் இழுப்பறையிலிருந்து ஜாய்ஸ்டிக்கை எடுத்து உட்கார்ந்தேன். கொட்டகை வாசலில், வாளில்லாத ஒரு வீரன் எனக்காகக் காத்துக்கொண்டிருந்தான். காதில் மாட்டியிருந்த கருவியில் குரல் வெடித்தது. "இன்னா தம்பி, இம்மா நேரமா? வா வா, கூட்டம் வந்துகினே கீது." இருவருமாக ஏறினோம். குரங்கைத் திட்டினோம். உச்சியில் சுற்ற ஆரம்பித்தோம். முன்னும் பின்னும் முகம் தெரியாத ஜனங்கள். பாதிச் சுற்றில் அண்ணி திடீரென்று கேட்டார். "தம்பி, சன்னல் சாத்திக் கீதா?"

"ஆமா அண்ணி, ஒரே சத்தம்."

"தெற."

திறந்தேன். காதிலிருந்த கருவியைக் கழற்றி, பேசும் முனை வெளியே பார்க்க, சன்னல் கம்பியில் மாட்டினேன். தெருவிலிருந்து அரோகரா எழுந்தது. அதற்கு மேலே படியிலிருந்து ஒன்று, அதற்கும் மேலே மலையிலிருந்து ஒன்று. திரும்பித் திரையைப் பார்த்தேன். அண்ணியின் வீரன் பாதை நடுவில் அசையாமல் நின்றுவிட்டான். பின்னால் வந்தவர்கள் ஒதுங்கி ஒதுங்கிப் போனார்கள். ஒரு குரங்கு வந்து அவன் இடுப்பைத் தடவிப் பார்த்து, ஒன்றும் இல்லாததால் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டது. மஸ்கட்டில் ரிமோட் மடிக்குப் போய்விட்டது என்று எனக்குத் தெரிந்தது. நானும் என்னுடையதை மேசைமேல் வைத்தேன், பொட்டு மேலே தெரியும்படி.